அந்நியக் கொடியின் கீழ்: கம்மந்தான் கான்சாகிபும் சேனாபதி லாலியும்

கடலூர் முதுநகரை விட்டுத் தெற்கே செம்மங்குப்பத்தையும் ஆலப்பாக்கத்தையும் கடந்து, பரங்கிப்பேட்டை வழியாகச் சிதம்பரத்தை அடைகிற இந்தக் கரையோரத்துச் சிறு பூபாகத்தில், பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பாதியில் வந்து தண்டிறங்கிய சேனைகளின் ஜாபிதாவை ஒருவர் பொறுமையோடு தயாரிப்பாரானால், அச்சேனைகளை நடத்தி வந்தவர்களில் எத்தனை பேர் தாங்கள் ஏந்திய கொடிக்குப் பிறப்பால் அந்நியர்கள் என்பதைக் கண்டு அவர் வியப்படையாமல் இருக்க முடியாது. 1758இல் பிரெஞ்சு மன்னனின் பெயரால் கடலூரைப் பிடித்த லாலி, ஐர்லாந்திலிருந்து நாடு துறந்து வந்த ஒரு பிரபுவின் மகன்; 1781 ஜூன் 18ஆம் தேதி சிதம்பரத்தில் அரணாக்கப்பட்டிருந்த கோயிலைத் தாக்கிப் பின்வாங்கி, பதின்மூன்று நாட்கள் கழித்து ஜூலை 1ஆம் தேதி பரங்கிப்பேட்டைக்கு வடக்கே ஹைதர் அலியை வென்ற ஐர் கூட், அதே ஐர்லாந்தின் லிமெரிக் பகுதியில் பிறந்து ஆங்கிலேயருக்காகப் போரிட்டவர்; 1783இல் கடலூரை முற்றுகையிட்ட ஆங்கிலப் படையில், தங்கள் பிரபுவே இங்கிலாந்துக்கும் மன்னனாக இருந்த ஒரே காரணத்தால், ஜெர்மன் தேசத்து ஹனோவர் பட்டாளங்கள் இரண்டு நின்றன. அவர்களோடு தோளுக்குத் தோளாக நின்று மடிந்த சிப்பாய்களோ தெலுங்கரும் தமிழரும் முசல்மான்களுமாகிய நம் நாட்டார். யாருடைய யுத்தம், யாருடைய ரத்தம் என்ற வினா இம்மண்ணில் இயல்பாகவே எழுகிறது.

ஓர் அந்நிய சாம்ராஜ்யத்தின் சேவையில் சேனாபதியாக உயர்ந்தவனை நாம் எவ்வாறு மதிப்பிட வேண்டும்? இந்த வினாவுக்கு இரண்டே விடைகள் வழக்கத்தில் உள்ளன. ஒரு சாரார் அவனைத் துரோகி என்பர். மற்றொரு சாரார், அவன் இறுதியில் எஜமானனை எதிர்த்து எழுந்திருந்தால், அவனைத் தேசபக்தன் என்று கொண்டாடுவர். துபாஷிகளின் குறிப்புகளையும் கும்பினியாரின் கடிதங்களையும் கிராமத்துக் கதைப்பாடல்களையும் ஒருசேர வைத்துப் பார்க்கும்போது, இவ்விரண்டு விடைகளுமே வினாவின் மையத்தைத் தொடவில்லை என்பதுதான் என் துணிபு. இத்தகைய மனிதனின் வாழ்வையும் சாவையும் நிர்ணயித்தது அவனுடைய விசுவாசம் அன்று. அவன்மீது குற்றம் சாட்டப்படுகிற நாளில் அதை விசாரிக்க வேண்டிய சபையில் அவனுக்கென்று எழுந்து பேச ஒருவன் இருந்தானா என்பதே அதை நிர்ணயித்தது. தென்னாட்டுச் சரித்திரத்திலேயே இதற்குச் சான்றாக நிற்பவர்கள் கம்மந்தான் கான்சாகிபு என்று நம் மக்கள் வழங்குகிற முகம்மது யூசுப்கானும், அவர் போர்முனையில் எதிர்த்து நின்ற லாலியும் ஆவர். ஒருவரையொருவர் முறியடிக்க முயன்ற இவ்விருவரும், இரண்டாண்டுக்கும் குறைவான இடைவெளியில், தத்தம் எஜமானர்களாலேயே கொல்லப்பட்டார்கள்.

இது நம் நாட்டுக்கு மட்டும் உரிய விஷயமன்று. தேவனாம்பட்டினத்துக் கோட்டையைச் செஞ்சியிலிருந்த மராட்டியர் ஆங்கிலக் கும்பினிக்கு விற்ற அதே 1690ஆம் ஆண்டில், துருக்கிய ஆட்சிக்கு அஞ்சிய செர்பிய மக்கள் தங்கள் குருபீடாதிபதி மூன்றாம் ஆர்செனியேயின் தலைமையில் திரள் திரளாக ஆஸ்திரியச் சக்கரவர்த்தியின் எல்லைக்குள் குடியேறினார்கள். புகலிடம் கொடுத்த சக்கரவர்த்தி அவர்களிடம் வாளையே பிரதியாகக் கேட்டார். எல்லைக் காவற்படைகளாக வாழ்ந்த அவர்களில் ஒரு பகுதியினர், பின்னர் ஆஸ்திரியாவிலும் மனம் வெறுத்து, ஜோவான் ஹோர்வாத் என்பவரின் தலைமையில் ருஷ்யாவுக்குப் போய், 1752இல் புதிய செர்பியா என்ற பெயரால் ஒரு ராணுவக் குடியிருப்பை நிறுவினார்கள். ஹோர்வாத் சில ஆண்டுகளிலேயே குற்றஞ்சாட்டப்பட்டு வடக்கே வொலோக்டாவுக்கு அனுப்பப்பட்டார். 1764இல், யூசுப்கான் தூக்கிலேறிய அதே ஆண்டில், புதிய செர்பியாவும் கலைக்கப்பட்டது. இன்னொரு செர்பியரான பீட்டர் தெகெலி ருஷ்யப் படையில் ஜெனரலாக உயர்ந்து, 1775இல் மகாராணி காதரினின் ஆணைப்படி, ஸபரோஷியக் கோசாக்குகளின் பாசறையைச் சுற்றி வளைத்து, அவர்களுடைய சுயாட்சியை ஒழித்தார். எல்லைப்புறத்து வீரக்குடியில் பிறந்த ஒருவரைக் கொண்டே மற்றோர் எல்லைப்புறத்து வீரக்குடியை அடக்கியது சாம்ராஜ்யம். பாளையக்காரர்களை அடக்க யூசுப்கானைக் கும்பினி தேர்ந்தெடுத்ததை அறிந்த தமிழ் வாசகர்களுக்கு இந்தத் தந்திரத்தை விரித்துரைக்க வேண்டியதில்லை.

யூசுப்கானின் கதை தொடங்குமிடம் மதுரை என்றே பலரும் எண்ணுகிறார்கள். அவரை உருவாக்கிய ராணுவ முறை உருப்பெற்ற இடம் நம் கடலூர். 1746இல் சென்னைப் பட்டணத்தைப் பிரெஞ்சுக்காரர் பிடித்தபின், 1752 வரை, கெடிலத்தின் கரையிலிருந்த தேவனாம்பட்டினத்துக் கோட்டையே, அதாவது செயிண்ட் டேவிட் கோட்டையே, சோழமண்டலக் கரையில் ஆங்கிலேயரின் தலைமையிடமாக விளங்கியது. கோட்டையை வாங்கியபோது, நாற்புறமும் பீரங்கிக் குண்டு விழும் எல்லைவரையுள்ள கிராமங்களெல்லாம் விலையில் அடங்கும் என்று பேசி முடித்ததையும், அந்த எல்லையின் நினைவு கடலூரில் குண்டுசாலை என்ற பெயரில் இன்றும் வழங்குவதையும் உள்ளூரார் அறிவார்கள். 1748 ஜனவரியில் ஸ்டிரிங்கர் லாரன்ஸ் என்ற மேஜர் இங்கே வந்திறங்கினார். சில மாதங்களில் புதுச்சேரியின் பிரெஞ்சு கவர்னர் டூப்ளேயின் படை கடலூரைத் தாக்க வந்தபோது, அவர் ஊரைக் காலி செய்பவரைப்போலப் பகல் வெளிச்சத்தில் பீரங்கிகளையும் துருப்புகளையும் கோட்டைக்குள் அனுப்பிவிட்டு, இருட்டியபின் அவற்றை ரகசியமாகத் திரும்பக் கொண்டுவந்து, வெற்றூர் என்றெண்ணி ஏணிகளோடு நெருங்கிய எதிரியை மதிலடியிலேயே சிதறடித்தார். கூலிக்காகக் கூடிக் கூலி தவறினால் கலைகிற காவலாட்களாயிருந்தவர்களை அணிவகுத்து, பயிற்றி, ஒழுங்குக்குள் கொண்டுவந்த முயற்சிக்கு இந்த லாரன்ஸே மூலகர்த்தர். யூசுப்கானைக் கண்டெடுத்து உயர்த்தியவரும் அவரே.

ராமநாதபுரம் சீமையைச் சேர்ந்த பனையூரில், வேளாளர் குடியில், மருதநாயகம் என்ற பெயரோடு பிறந்து, இளமையில் வீட்டை விட்டு வெளியேறி, இஸ்லாத்தைத் தழுவினார் என்பது யூசுப்கானைப் பற்றி நிலைத்துவிட்ட பாரம்பரியச் செய்தி. அவருடைய இளமை கதைகளின் மூட்டத்துக்குள் இருக்கிறது. அதில் நெடுநேரம் தங்குவதற்கில்லை. 1752இல் தம்மைப் பின்பற்றிய ஒரு சிப்பாய்க் கூட்டத்தோடு அவர் கிளைவின் படையில் சேர்ந்ததிலிருந்து சரித்திரம் தெளிவடைகிறது. திருச்சிராப்பள்ளியை மையமாக வைத்து இரு கும்பினிகளும் ஆண்டுக்கணக்கில் நடத்திய போரில் வெற்றி தோல்விகளை நிர்ணயித்தவை பீரங்கிகள் மட்டுமல்ல. அரிசி மூட்டைகளும் ஆட்டு மந்தைகளும்தாம். தொண்டைமான் சீமையிலிருந்து காட்டு வழிகளில், இரவுகளில், எதிரியின் குதிரைப்படைக்குத் தப்பி, மாட்டுப் பொதிகளைத் திருச்சிக்குள் கொண்டு சேர்க்கும் வித்தையில் யூசுப்கானுக்கு நிகரானவர் இல்லை என்று ஆங்கிலேயரே எழுதிவைத்தார்கள். ஊர்களின் போக்கும், ஓடைகளின் கடவும், எந்தக் கிராமத்துக் காவற்காரன் யாருக்கு உறவு என்பதும் தெரிந்த ஒருவரின் அறிவு அது. ஐரோப்பியத் தளபதி ஒருவரும் அதை விலை கொடுத்து வாங்க முடியாது. 1754இல் கும்பினியின் சிப்பாய்கள் அனைவருக்கும் அவர் கம்மந்தானாக்கப்பட்டார்.

அதே ஆண்டில் நிகழ்ந்த ஒரு சம்பவத்தை நான் சற்று நெருங்கிப் பார்க்க விரும்புகிறேன். லாரன்ஸிடம் மொழிபெயர்ப்பாளனாக இருந்த பொன்னியப்பன் என்பவன், யூசுப்கானின் செல்வாக்கைப் பொறாதவனாய், மைசூராருடன் ரகசியமாகச் சேர்ந்துகொண்டு, யூசுப்கான் திருச்சியைக் காட்டிக்கொடுக்கச் சம்மதித்துவிட்டதாகத் தோன்றும்படி ஒரு கடிதத்தைத் தயாரித்து, அது ஆங்கிலேயர் கையில் சிக்குமாறு செய்தான். யூசுப்கான் காவலில் வைக்கப்பட்டார். ஆனால் லாரன்ஸும் அவருடைய அதிகாரிகளும் அவசரப்படவில்லை. சம்பந்தப்பட்டவர்களை ஒவ்வொருவராக விசாரித்தார்கள். கடிதத்தின் பிறப்பிடம் பொன்னியப்பனே என்பது வெளியாயிற்று. அவனைப் பீரங்கி வாயில் கட்டிச் சுட்டார்கள். யூசுப்கான் மாசு நீங்கி மறுபடியும் தம் பதவியில் அமர்ந்தார். ஒரு சுதேசிச் சேனாபதியின்மீது துரோகக் குற்றம் வந்தபோது முறையான விசாரணை நடத்தக் கும்பினியால் முடியும் என்பதற்கு இது அத்தாட்சி. அன்று அவர் இல்லாவிட்டால் திருச்சிக்கு அரிசி இல்லை. பத்தாண்டுகள் கழித்து இத்தகைய விசாரணை ஏன் நடக்கவில்லை என்று கேட்பவர்கள், அன்று அவர் யாருக்குத் தேவையாக இருந்தார் என்பதைக் கேட்டாலே போதும்.

இனி லாலியிடம் வருவோம். தாமஸ் ஆர்தர் லாலி 1702இல் பிரான்ஸில் பிறந்தவர். நாடிழந்த ஐர்லாந்துக் கத்தோலிக்கர்கள் பிரெஞ்சு மன்னனின் படையில் தனிப் பட்டாளங்களாகப் பணியாற்றிய காலம் அது. அவருடைய தந்தை அப்படை அதிகாரிகளுள் ஒருவர். 1745இல் பாண்டனாய் யுத்தத்தில் ஐர்லாந்துப் பட்டாளங்கள் காட்டிய பராக்கிரமத்தில் லாலிக்குப் பெரும் பங்கு உண்டு. 1758 ஏப்ரல் 28ஆம் தேதி புதுச்சேரியில் கரையிறங்கிய அவர், பயண அலுப்பைக்கூடத் தீர்த்துக்கொள்ளாமல், அன்றே படையைக் கடலூர் நோக்கிக் கிளப்பினார். மே மாதத்தின் முதல் வாரத்தில் கடலூரும், ஜூன் 2ஆம் தேதி செயிண்ட் டேவிட் கோட்டையும் அவர் வசமாயின. கோட்டையை அவர் வெடிவைத்துத் தகர்த்தார். இன்று கெடிலக் கரையில் எஞ்சியிருப்பவை அதன் சிதைவுகளும் அவற்றை ஒட்டிய பிற்காலக் கட்டடங்களுமே.

அந்த முதல் வெற்றியிலேயே அவருடைய வீழ்ச்சிக்கும் விதை விழுந்தது. பீரங்கிகளை இழுக்க மாடுகள் இல்லை, சுமைகளைத் தூக்க ஆட்கள் இல்லை என்று கண்ட லாலி, புதுச்சேரிவாசிகளை ஜாதி அந்தஸ்துகளைச் சிறிதும் பாராமல் பிடித்துவந்து சுமை தூக்க வைத்தார். எல்லாரும் ஒரே விதமாகச் சுமந்தால் என்ன குற்றம் என்று இக்காலத்தில் ஒருவர் கேட்கலாம். ஆனால் லாலி சமத்துவத்தை நாடியவரல்லர். ஊராரை அவர் மனிதராகவே மதிக்கவில்லை என்பதே செய்தி. ஆனந்தரங்கப் பிள்ளையவர்கள் கால் நூற்றாண்டாக எழுதிவந்த தினப்படிச் செய்திக் குறிப்பின் கடைசிப் பகுதி இந்த ஆண்டுகளில் அடங்குகிறது. டூப்ளேயின் காலத்துப் புதுச்சேரியை அந்தத் துபாஷியின் கண்களால் கண்டவர்கள், லாலியின் காலத்தில் நகரம் எப்படிச் சோர்ந்தது என்பதையும் உணர்வார்கள். பணமில்லாத குறையைத் தீர்க்க, பழைய பத்திரம் ஒன்றைக் காட்டி 56 லட்சம் ரூபாயைக் கேட்டுத் தஞ்சாவூர் மீது லாலி படையெடுத்தார். வழியில் கீழ்வேளூர்க் கோயிலில், ஒற்றர்கள் என்று சந்தேகித்து, பிராமணர்கள் அறுவரைப் பீரங்கி வாயில் வைத்துக் கொல்வித்தார். இதற்குச் சமாதானம் சொல்ல எந்தச் சரித்திராசிரியனாலும் இயலாது, நானும் முயலவில்லை. தஞ்சாவூர் பணியவில்லை, கடலில் பிரெஞ்சுத் தளபதி தாஷேயின் கப்பற்படை ஆங்கிலேயரிடம் அடிபட்டு, பின்னர் மொரீஷியஸுக்கே திரும்பிவிட்டது, லாலி ஆகஸ்டில் வெறுங்கையோடு திரும்பினார்.

டிசம்பரில் அவர் சென்னைப் பட்டணத்தை முற்றுகையிட்டார். இரு வாழ்க்கைகளும் ஒன்றையொன்று தொட்ட இடம் இதுவே. பாண்டிச் சீமையிலிருந்து வரவழைக்கப்பட்ட யூசுப்கான், செங்கற்பட்டிலிருந்த காப்டன் பிரெஸ்டனோடு சேர்ந்து, முற்றுகையிட்டவர்களையே வெளியிலிருந்து முற்றுகையிட்டார் என்று சொல்லத் தகும். பிரெஞ்சுப் பாசறைக்குப் போன தானிய வண்டிகள் வழியில் மறிக்கப்பட்டன. கிராமங்களிலிருந்து ஆடுமாடுகள் போய்ச் சேரவில்லை. ஒரு நாள் பரங்கிமலைப் பக்கம் தோன்றிய சிப்பாய்கள் மறுநாள் வேறு திசையில் தோன்றினார்கள். திருச்சிக்கு உணவைக் கொண்டு சேர்த்த அதே வித்தையை, உணவைத் தடுக்கும் வித்தையாக அவர் மாற்றிக்கொண்டார். 1759 பிப்ரவரி 9ஆம் தேதி பரங்கிமலையடியில் இரு தரப்பும் நாள் முழுதும் பொருதன. ஒரு வாரத்தில் ஆங்கிலக் கப்பல்கள் வந்து சேர, 17ஆம் தேதி லாலி முற்றுகையைக் கைவிட்டார். அடுத்த ஆண்டு ஜனவரி 22இல் வந்தவாசியில் கூட்டிடம் அவர் தோற்றார். ஐர்லாந்தைப் பூர்விகமாகக் கொண்ட இருவர், ஆளுக்கொரு சாம்ராஜ்யத்தின் பொருட்டு, வட ஆர்க்காட்டுப் புன்செய்க் காட்டில் மோதிக்கொண்ட அந்தக் காலை நேரத்தில் இந்தியாவில் பிரெஞ்சு ராஜ்யம் அமையும் என்ற நம்பிக்கை முடிந்தது. 1761 ஜனவரியில், ஆனந்தரங்கப் பிள்ளையவர்கள் காலமான அதே மாதத்தில், பட்டினியால் வாடிய புதுச்சேரி சரணடைந்தது.

கைதியாக இங்கிலாந்துக்குக் கொண்டுபோகப்பட்ட லாலி, தம்மீது பிரான்ஸில் குற்றங்கள் சுமத்தப்படுகின்றன என்று கேள்வியுற்று, அவற்றை நேரில் மறுப்பதற்காக, ஆங்கிலேயரிடம் வாக்குக் கொடுத்து அனுமதி பெற்றுத் தாமாகவே பாரிஸுக்குச் சென்றார். நியாயஸ்தலத்தின்மீது அவருக்கு இருந்த அந்த நம்பிக்கையை நினைக்கையில் மனம் நோகிறது. பாஸ்டில் சிறையில் ஆண்டுக்கணக்கில் கிடந்தபின், பாரிஸ் பார்லமெண்டு என்ற நீதிமன்றம் மன்னனின் நலன்களைக் காட்டிக்கொடுத்த குற்றத்துக்காக அவருக்கு மரணதண்டனை விதித்தது. 1766 மே 9ஆம் தேதி, அறுபத்து நான்கு வயது முதியவரை, பேச முடியாதபடி வாயில் துணி திணித்துக் கொண்டுபோய்ச் சிரச்சேதம் செய்தார்கள். கப்பலைத் திருப்பிக்கொண்டு போன தாஷே தண்டிக்கப்படவில்லை; புதுச்சேரியின் கணக்குகளை வைத்திருந்தவர்கள் சாட்சிக் கூண்டில் நின்றார்கள். லாலி கடுஞ்சொல்லர், கொடுங்கோபக்காரர், பிறர் சொல் கேளாதவர். ஆனால் துரோகி அல்லர். ஒரு தேசத்தின் தோல்விக்கு ஒரு தலை தேவைப்பட்டபோது, எவருடைய மைத்துனனும் மருமகனுமாக இல்லாத ஒருவரின் தலை எளிதாகக் கிடைத்தது. ஏழாண்டுகள் கழித்து, 1773இல், இங்கிலாந்துப் பார்லிமெண்டு கிளைவை விசாரித்தது. அவர் சேர்த்திருந்த செல்வத்தோடு ஒப்பிட்டால் லாலியின் உடைமை ஒன்றுமேயில்லை. ஆயினும் அவர் தேசத்துக்கு மகத்தான சேவை புரிந்தவர் என்ற தீர்மானத்தோடு அந்த விசாரணை முடிந்தது. கிளைவுக்கு அந்தச் சபையிலேயே இடமிருந்தது.

யூசுப்கானுக்கு எந்தச் சபையிலும் இடமில்லை. 1755இல் கர்னல் ஹெரானின் கீழ் அவர் முதன்முதலாக மதுரை, திருநெல்வேலிச் சீமைகளுக்குச் சென்றிருந்தார். அந்த ஹெரான் பாளையக்காரர்களிடம் கைக்கூலி பெற்றார். மதுரைக்கு அருகே கோயில்குடியில் விக்கிரகங்களைக் கொள்ளையிட்டுக் கள்ளர் நாட்டாரின் ஆறாக் கோபத்தைச் சம்பாதித்தார். நத்தம் கணவாயில் அவர்கள் பாய்ந்து படையைச் சிதறடித்து, விக்கிரகங்களை மீட்டார்கள். ஹெரான்மீது ராணுவ நீதிமன்றம் கூடியது. முறைப்படி சாட்சிகளை விசாரித்து, அவரை வேலையிலிருந்து நீக்கியது. உயிருக்கு ஒரு குறைவும் இல்லை. மறு ஆண்டு அதே சீமைக்குக் கும்பினி யூசுப்கானை அனுப்பியது.

அங்கே அவர் செய்தவற்றை ஒரே வர்ணத்தில் தீட்டுவது சரித்திரத்துக்குச் செய்யும் தீங்கு. நெற்கட்டுஞ்செவல் புலித்தேவரின் கூட்டணியை நெடுங்காலம் போரிட்டு ஒடுக்கியவர் அவர்தாம். பாளையங்களில் தூக்குமரங்களும் நடப்பட்டன. விடுதலை வீரர்களின் வரிசையில் புலித்தேவரையும் யூசுப்கானையும் அருகருகே வைத்து மாலையிடுகிறவர்கள் இந்த உண்மையைச் சௌகரியமாக மறந்துவிடுகிறார்கள். அதே சமயத்தில், 1759இல் ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் குத்தகைக்கு அச்சீமைகளைப் பெற்ற பிறகு, அந்நாடு பல ஆண்டுகள் காணாத ஒழுங்கைக் கண்டது என்பதையும் எதிரிகளே ஒப்புக்கொண்டார்கள். மீனாட்சியம்மன் கோயிலுக்கு நின்றுபோயிருந்த மானியங்களை ஒரு முசல்மான் அதிகாரி மீண்டும் நடத்தி வைத்தார். குளங்களும் கால்வாய்களும் செப்பனிடப்பட்டன. நெசவாளருக்கு ஆதரவு கிடைத்தது. குத்தகைப் பணம் கஜானாவுக்கு ஒழுங்காகச் சேர்ந்தது. வத்திராயிருப்புக்கு அருகிலுள்ள கான்சாபுரமும் மதுரையில் கான்சாமேட்டுத் தெருவும் அவர் பெயரை இன்னும் தாங்கி நிற்கின்றன.

இந்த வெற்றியே அவருக்கு வினையாயிற்று. ஆர்க்காட்டு நவாப் முகம்மது அலி, சீமை தம்முடையது, ஆகையால் யூசுப்கான் தம் சேவகரே, குத்தகைப் பணம் தம் வழியாகவே வர வேண்டும் என்று வற்புறுத்தினார். யூசுப்கானோ கும்பினியின் படையில் உயர்ந்தவர். கும்பினியின் கட்டளையை ஏற்கலாம், தாம் எத்தனையோ முறை காப்பாற்றிய நவாபுக்குச் சேவகனாவதில்லை என்று நினைத்தார். சென்னைக் கவுன்சிலில் இருந்தவர்களில் பலருக்கு நவாப் கடனாளி. நவாப் வளமாயிருந்தால்தான் அவர்களுடைய வட்டி வரும். 1763இன் பாரிஸ் உடன்படிக்கை முகம்மது அலியைச் சட்டபூர்வமான நவாபாக அங்கீகரித்தது. அதன்பின் யூசுப்கானின் பக்கம் பேச ஆள் இல்லை. சென்னைக்கு வருமாறு வந்த அழைப்பை, அங்கே போனால் திரும்ப முடியாது என்று உணர்ந்து, அவர் மறுத்தார்; முதலில் தம் மஞ்சள் கொடியையும் பின்னர் பிரெஞ்சுக் கொடியையும் உயர்த்தினார். எந்தப் பிரெஞ்சுக் கொடிக்கெதிராக லாலியின் வண்டிகளை மறித்தாரோ, அதையே. இதைச் சபலம் என்று நான் சொல்ல மாட்டேன். யாருக்கும் சேவகனல்லாத ஒரு சுதேசிச் சேனாபதி நிற்பதற்கு அக்கால ராஜ்யச் சட்டத்தில் இடமே இல்லை. ஏதாவதொரு கொடி வேண்டியிருந்தது.

மதுரைக் கோட்டையை ஆங்கிலேயர் இரண்டு பருவங்கள் முற்றுகையிட்டார்கள். 1763இல் கர்னல் மான்ஸனின் முயற்சி மழைக்காலத்தோடு கைவிடப்பட்டது. 1764 ஜூன் 26ஆம் தேதி மேஜர் காம்பெல் நடத்திய நேர்த் தாக்குதலும் தோல்வியுற்றது. அதில் மரண காயமுற்றவர்களுள் ஒருவர் மேஜர் பிரெஸ்டன், ஐந்தாண்டுகளுக்கு முன் செங்கற்பட்டில் யூசுப்கானோடு ஒன்றாய் நின்று லாலியை எதிர்த்த அதே பிரெஸ்டன். லாரன்ஸ் பயிற்றுவித்த பாடங்களை அவருடைய சொந்த மாணாக்கரே ஆங்கிலேயருக்கு எதிராக ஒப்பித்த அந்த மதிலின்கீழ் பழைய தோழமைகள் யாவும் மாண்டன. பின்பு ஆங்கிலேயர் தாக்குவதை விட்டு, பட்டினிக்குக் கோட்டையை ஒப்புவித்தார்கள். அக்டோபர் 13ஆம் தேதி, யூசுப்கான் தொழுகையில் இருந்த வேளையில், திவான் சீனிவாசராவும், பிரெஞ்சு அதிகாரி மார்ஷாந்தும், அவர்களுக்கு உடந்தையானவர்களும் பாய்ந்து அவரைக் கட்டினார்கள். 15ஆம் தேதி, ஆங்கிலப் பாசறையின் முன்னிலையில், நவாபின் ஆணைப்படி அவர் தூக்கிலிடப்பட்டார். ஹெரானுக்குக் கூடிய ராணுவ நீதிமன்றம் அவருக்குக் கூடவில்லை. தம் படையின் சிப்பாய்களுக்கெல்லாம் கம்மந்தானாக்கிய ஒருவரை, அவர் நவாபின் பிரஜை என்ற ஒரே வாக்கியத்தால் கும்பினி கைகழுவிற்று. அவருடைய அங்கங்கள் வெவ்வேறு ஊர்களுக்கு அனுப்பப்பட்டன என்பதும், கயிறு இருமுறை அறுந்தது என்பதும் மக்கள் வழிவழியாகச் சொல்லிவரும் செய்திகள். மதுரைக்கு மேற்கே சம்மட்டிபுரத்தில் அவர் சமாதியின்மேல் பள்ளிவாசல் எழுந்தது.

அந்நிய சேவை எப்போதும் இப்படித்தான் முடிய வேண்டும் என்பதில்லை. குளச்சலில் 1741 ஆகஸ்டில் டச்சுக் கும்பினியின் படையோடு சிறைப்பட்ட யூஸ்டேஷியஸ் டிலன்னாய் என்ற பிளெமிஷ் வீரர், தம்மைச் சிறைபிடித்த திருவிதாங்கூர் மகாராஜா மார்த்தாண்ட வர்மாவின் சேவையில் சேர்ந்து, படையைப் பழக்கி, உதயகிரிக் கோட்டையைப் புதுக்கி, பீரங்கி வார்க்கும் சாலையை நடத்தி, வலிய கப்பித்தான் என்ற பெருமையோடு முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்து, 1777இல் இயற்கை மரணம் எய்தினார். இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்துப் புலியூர்க்குறிச்சியில், அக்கோட்டைக்குள் அவருடைய கல்லறையில் லத்தீனிலும் தமிழிலும் சாசனம் பொறித்திருக்கிறார்கள். அவர் மட்டும் ஏன் தப்பினார்? அவருக்கும் அரசனுக்கும் இடையே தூரதேசத்துக் கவுன்சிலோ, பங்குதாரர்களோ, கடன்காரர்களோ இல்லை. உயர்த்தியவனே நியாயம் கேட்பவன். சந்தேகம் எழுந்தால் நேரே போய் முகம் காட்டலாம். லாலியை அனுப்பிய மன்னன் ஆறாயிரம் மைலுக்கு அப்பால் இருந்தான். யூசுப்கானை உயர்த்திய லாரன்ஸ் கும்பினியின் ஊழியரேயன்றி அதன் எஜமானர் அல்லர்.

லாலிக்காகப் பிற்காலத்தில் ஒருவர் எழுந்து பேசினார். அவருடைய மகனோடு சேர்ந்து வால்டேர் பல்லாண்டுகள் அவ்வழக்கை உலகறியச் செய்தார். 1778இல் மன்னனின் ஆலோசனைச் சபை அத்தீர்ப்பை ரத்து செய்தபோது மரணப்படுக்கையில் கிடந்த வால்டேர் அதைக் கேட்டு மகிழ்ந்தார் என்பது பிரசித்தமான செய்தி. யூசுப்கானின் விஷயத்தில் முதன்முதலாகக் காகிதங்களைப் புரட்டி ஒரு முழு வரலாறு எழுதியவர் எஸ். சி. ஹில், அந்த நூல் வெளிவந்தது 1914இல், நூற்றைம்பதாண்டுகள் சென்ற பிறகு. ஹில்லின் உழைப்புக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். ஆனால் அவர் பெரும்பாலும் படித்தது கும்பினியார் கும்பினியாருக்கு எழுதிய கடிதங்களை. நா. வானமாமலை அவர்கள் பதிப்பித்த கான்சாகிபு சண்டைக் கதைப்பாடலில் பேசுகிறவர்களோ, அவர் ஆட்சியின்கீழ் வாழ்ந்த மக்களின் வழிவந்தவர்கள். அவர்கள் அவரை வியக்கிறார்கள், அஞ்சவும் செய்கிறார்கள், அவர் சாவுக்கு அழவும் செய்கிறார்கள். இவ்விரண்டு சாட்சியங்களையும் ஒரே மேசைமேல் வைத்துப் பார்ப்பவர்கள் மிகக் குறைவு. எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக்காப்பகத்தில் கும்பினியின் ராணுவ ஆலோசனைக் குறிப்புகள் அந்த ஆண்டுகளுக்கு வரிசையாகக் கிடைக்கின்றன. 1754ஆம் வருஷத்து விசாரணையையும் 1764ஆம் வருஷத்துக் கடிதங்களையும் பக்கம் பக்கமாக ஒப்பிட்டு, கவுன்சிலில் யார் எப்போது நவாபுக்குக் கடன் கொடுத்தார், யார் எந்த நாளில் என்ன கையெழுத்திட்டார் என்று தமிழிலேயே ஒரு நூல் எழுத நம் சர்வகலாசாலைகளில் ஒருவரேனும் முன்வர வேண்டும். சிதம்பரத்திலிருந்து ஒரே இரவு ரயில் பயணத்தில் எட்டக்கூடிய தூரத்தில்தான் அந்தக் கட்டுகள் இருக்கின்றன.